தன்னாட்சி என்ற சொல்லைத் திருப்பிக் கேட்கிறேன்

மகனே,

ஞாயிற்றுக்கிழமை என்னிடமிருந்து நீ வாங்கிச் சென்ற சொல்லைத் திருப்பிக் கொடு. நாற்பது ஆண்டுகளாக மேடை ஏறி இறங்குகிறேன். கொடுத்த சொல்லைத் திரும்பக் கேட்பது இதுவே முதன்முறை. நாணமாகத்தான் இருக்கிறது. ஆனால், மூன்று நாள்களாக எந்த வேலையிலும் மனம் ஊன்றவில்லை. காலையில் செய்தித்தாளைப் பிரித்தால் முதல் பக்கத்தைத் தாண்டவில்லை. சிங்காநல்லூர்க் குளக்கரையில் நடந்தால் பாதியிலேயே திரும்பிவிடுகிறேன். நீ வியாழன் மாலை வண்டி ஏறுகிறாய். அதற்குள் இதைச் சொல்லியாக வேண்டும்.

நடந்ததை முதலிலிருந்து எழுதுகிறேன். ஏனெனில் இதை நீ மட்டும் படிக்கப்போவதில்லை. உன் நிறுவனம் ஒரு புதிய தொழிற்கூடத்தைத் திறக்கிறது. அழைப்பிதழ் தமிழிலும் இருக்க வேண்டும் என்று உன் மேலாளர் விரும்பினார். ரசத்தைச் சோற்றில் ஊற்றிக்கொண்டே, "தானா முடிவெடுக்கற மெசினுக்கு நல்ல தமிழ்ச் சொல் ஒண்ணு வேணுமுங்கம்மா" என்றாய். அப்பளத்தை உன் தட்டில் வைக்கும் நேரம்கூட நான் எண்ணிப் பார்க்கவில்லை. "தன்னாட்சி" என்றேன். உன் அப்பா சிரித்தார். "உங்கம்மா அந்தச் சொல்ல மைக் இல்லாமச் சொல்றது இன்னைக்குத்தான் மொதத் தடவ" என்றார். எனக்கும் பெருமையாகவே இருந்தது. மாநிலங்களின் உரிமைக்காக நான் தொண்டை கிழியக் கூவிய சொல். என் மகனின் கையால் செய்யப்பட்ட ஒன்றுக்குப் பெயராகிறது என்று மகிழ்ந்தேன். மறுநாள் காலை அழைப்பிதழின் படத்தை அலைபேசியில் அனுப்பினாய். "தன்னாட்சித் தாக்கு வானூர்தி" என்று பெரிய எழுத்தில் இருந்தது. அதன் கீழே "சிறப்புரை" என்று போட்டு, என் பெயர்.

படத்தை விரல்களால் விரித்து விரித்துப் பார்த்தேன். பிறகு உன்னை அழைத்தேன். அந்தப் பொறி என்ன செய்யும் என்று கேட்டேன்; நீ ஒளிக்கவில்லை. மேலே எழும், ஒரு நிலப்பரப்பின்மேல் வட்டமிடும், கீழே தெரிவதைத் தனக்குக் கற்பிக்கப்பட்ட வடிவங்களோடு ஒப்பிடும், பகை என்று தானே தீர்மானிக்கும், இறங்கித் தாக்கித் தானும் வெடிக்கும். ஏவிய பிறகு அது யாரையும் கேட்காது. வியாழனன்று நீ வண்டி ஏறுவது வடக்கே பாலைவனத்தில் நடக்கும் சோதனைக்கு; அதில் அந்தப் "பகை என்று தீர்மானிக்கும்" பகுதிக்குப் பொறுப்பாளன் நீ. சோதனை முடிந்ததும், இது மனித ஒப்புதல் இல்லாமலே இயங்கத் தகுதியானது என்ற அறிக்கையில் நீ கையெழுத்திட வேண்டும். ஆறாண்டு உழைப்பு அந்த ஒரு தாளில் நிற்கிறது என்றாய். கையெழுத்திட மறுத்தால் அந்தப் பணி வேறொருவனுக்குப் போகும் என்றும் சொன்னாய்.

நான் படைக்கலத்தைக் கண்டு மயங்கி விழும் பெண் இல்லை. போரை மேடையில் பாடியவள் நான். வேலும் வாளும் வராத என் உரையை இந்தக் கொங்கு நாட்டில் எவரும் கேட்டிருக்க மாட்டார்கள். பக்கத்து வீட்டுச் சரோசாவின் மகன் எல்லையில் நிற்கிறான். அன்று மாலை அவளிடம் இதைப் பற்றிப் பேச்செடுத்தேன். "எம்பையன் உசுரோட வரோணுமுங்கக்கா. அதுக்கு எந்த மெசின் போனாலும் எனக்குச் செரி" என்றாள். அவளுக்குச் சொல்ல என்னிடம் மறுமொழி இல்லை. இப்போதும் இல்லை. அதை மறைத்துவிட்டு உனக்கு அறிவுரை சொன்னால் அது மேடைப்பேச்சு, கடிதம் ஆகாது.

நீயும் சும்மா இருக்கவில்லை. மனிதன் அஞ்சிச் சுடுகிறான், சினந்து சுடுகிறான், தூக்கக் கலக்கத்தில் சுடுகிறான். பொறிக்கு அச்சமும் இல்லை, சினமும் இல்லை என்றாய். போர்க்களத்தில், பொறியோடு நாம் பேசும் அலைவரிசையைப் பகைவன் அடைத்துவிடுவான். அப்போது ஒப்புதலுக்காகக் காத்திருக்கும் பொறி வானத்தில் சுற்றிச் சுற்றி வீணாக விழும் என்றாய். எதிரில் வருபவன் கேட்டுவிட்டா அடிக்கிறான் என்றாய். ஒவ்வொன்றும் எடை உள்ள சொல். போர்ச் சட்டங்களையும் நீ படித்திருக்கிறாய். படைவீரனையும் பொதுமக்களையும் பிரித்தறிய வேண்டும். அடையும் பயனுக்கு மிஞ்சிய அழிவைப் பொதுமக்களுக்குச் செய்யலாகாது. தாக்கும் முன் இயன்ற எச்சரிக்கையெல்லாம் கொள்ள வேண்டும். படுகாயமுற்றவனையும் கைதூக்கிச் சரணடைந்தவனையும் தொடக்கூடாது. செனீவா உடன்படிக்கைகளின் வழியே உலகம் ஏற்ற நெறிகள் இவை. தானே தேர்ந்து தாக்கும் பொறிகளுக்கென்று தனி உடன்படிக்கை ஒன்று இன்னும் இல்லை. நாடுகள் ஆண்டுக்கணக்கில் பேசிக்கொண்டே இருக்கின்றன. "அது வரட்டுமுங்கம்மா. இருக்கற சட்டத்துக்குள்ளதான் நாங்க செய்யறோம். அத்தனையும் அதுக்குச் சொல்லிக் குடுத்திருக்கறனுங்க" என்றாய். அங்கேதான் எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. சொல்லிக் கொடுத்துவிட்டுப் பின்னால் நின்றவள் நான், மகனே. அந்தக் கதை உனக்குத் தெரியாது.

அதற்கு முன், நீ செய்த முதல் பொறியை நினைத்துக்கொள்கிறேன். அது வயலுக்கு மருந்து தெளிக்கும் வானூர்தி. அதன் திரைக்குத் தமிழ் எழுதித் தந்தவள் நானே. ஒவ்வொரு வரப்பின் மேலும் அது நின்று உழவரின் ஒப்புதலைக் கேட்க வேண்டும். அதற்கு நான் "தெளிக்கவா?" என்று எழுதினேன். நீ அதை "மருந்து அடிக்கலாமுங்களா?" என்று மாற்றிப்போட்டாய். ஒரு வாரம் உன்னோடு நான் பேசவில்லை. பொறிக்கு எதற்கடா பணிவு, வழுவில்லாத தமிழைக் கெடுத்துவிட்டாயே என்று கொதித்தேன். பல்லடம் பக்கத்தில் முதல்முறை பறக்கவிட்டபோது என்னையும் அழைத்துப் போனாய். பெரியவர் ஒருவர் திரையைப் படித்துவிட்டு, "எம்பையனே என்னைய இப்பிடிக் கேட்டதில்லீங்க" என்றார். வரப்பில் நின்ற அத்தனை பேரும் சிரித்தார்கள். பிறகு அவர் பொத்தானை அழுத்தவில்லை. "அந்தக் கோடியில தேனீப்பெட்டி வெச்சிருக்கறாங்க, அதத் தள்ளி நிறுத்தோணும்" என்றார். உன் பொறிக்குத் தேனீப்பெட்டி தெரியாது. கேட்டதனால் தெரிந்தது. அந்த 'ங்க' எதற்கு என்று அன்று எனக்கு விளங்கியது. எதிரில் ஒருவர் இருக்கிறார், அவர் மறுக்கலாம் என்பது அதற்குள் இருக்கிறது. உன் புதிய பொறியில் அந்தக் கேள்வி இருந்த இடம் திரையில் ஒரு கட்டமாக இன்னும் இருக்கிறதாம்; அதில் உள்ள குறியை எடுத்துவிட்டால் போதுமாம், பொறி கேட்காமலே தாக்குமாம். நீ சொன்னதுதான்.

இனி என் கதைக்கு வருகிறேன். நீ அப்போது ஒன்றாம் வகுப்பு. கடைகளின் பெயர்ப்பலகைகள் தமிழில் இருக்க வேண்டும் என்று ஊர் ஊராக நாங்கள் கூட்டம் போட்ட காலம். சிங்காநல்லூர்ப் பேருந்து நிலையத்துக்கு அருகே ஒரு கடைத்தெருவின் முனையில் மேடை. முன்வரிசையில் காவல்துறையின் குறிப்பாளர் ஒருவர் நான் பேசுவதை எழுத்தெழுத்தாக எடுத்துக்கொண்டிருந்தார். அது எனக்குத் தெரியும். ஆகவே, என் கடைசிச் சொற்றொடரை முந்தைய நாளே எழுதி, அடித்து, திருத்தி வைத்திருந்தேன். "நாளை மாலைக்குள் இந்தத் தெருவில் அயல்மொழிப் பலகை ஒன்றும் இராது." இதில் இன்னார் என்று இல்லை. செய் என்று இல்லை. அகற்று என்றுகூட இல்லை. கைதட்டல் தெருவின் மறுமுனை வரை போய்த் திரும்பியது.

அந்தத் தெருவில் ஒரு தையற்கடை இருந்தது. அதன் உரிமையாளர் என் பேச்சைக் கேட்டுவிட்டு, மறுநாளே பலகை எழுதும் ரங்கசாமி என்பவரை வரவழைத்தார். ரங்கசாமி ஏணி வைத்து ஏறி, ஆங்கில எழுத்துகளை மண்ணெண்ணெய்த் துணியால் ஒவ்வொன்றாகத் துடைத்தார். துடைத்த இடத்தில் 'தையலகம்' என்று சுண்ணக்கட்டியால் மெல்லிய கோடு இழுத்து வைத்திருந்தார். வண்ணம் பூசுவதுதான் மிச்சம். கடைசி ஓர் ஆங்கில எழுத்து மட்டும் இன்னும் அழியாமல் நின்றது. அந்த நேரத்தில் எங்கள் தொண்டர்கள் ஏழெட்டுப் பேர் தெருவுக்குள் வந்தார்கள். கீழிருந்து பார்த்தவர்களுக்குச் சுண்ணக்கோடு தெரியவில்லை; சிவப்பில் நின்ற அந்த ஓர் எழுத்துதான் தெரிந்தது. அயல்மொழி எழுதுகிறான் என்று நினைத்துவிட்டார்கள். ஏணி இழுக்கப்பட்டது. ரங்கசாமியின் வலக்கை முழங்கையில் முறிந்தது. சேர்த்துக் கட்டியும் அது முன்போல மடங்கவில்லை.

'ஏணி இழுக்கப்பட்டது.' இப்போதும் என் கை அப்படித்தான் எழுதுகிறது, பார். பள்ளியில் நீ படித்தாயே, தோன்றா எழுவாய் என்று. 'வந்தேன்' என்றால் 'நான்' என்ற எழுவாய் வெளியே தோன்றாவிட்டாலும் உள்ளே இருக்கிறது, தேடினால் கிடைக்கும். நான் மேடையில் கட்டிய சொற்றொடரில் பலகைதான் எழுவாய். அதை அகற்றப்போகும் ஆளைத் தேடினாலும் கிடைக்காதபடி கட்டியிருந்தேன். காவல் ஆய்வாளர் என்னை அழைத்து, யாரையாவது ஏவினீர்களா என்று கேட்டார். இல்லை என்றேன். குறிப்பாளர் எடுத்த தாளை அவர் இரண்டு முறை படித்தார். "யாரு யார என்ன செய்யோணும்னு இதுல ஒண்ணுமே இல்லீங்களே" என்று சொல்லிச் சிரித்தார். மகனே, எனக்கு அப்போது வந்தது குற்றவுணர்வு இல்லை. அந்தச் சொற்றொடர் தேர்வில் தேறிவிட்டது என்ற நிறைவு. தொண்டர்களில் ஒவ்வொருவனும் தான் இழுக்கவில்லை, ஏணியில் அடுத்தவன் கைதான் இருந்தது என்றான். நானும் அதற்குமேல் கேட்கவில்லை. உன் அப்பா மருத்துவமனைக்குப் போய் வந்து, "ஒருக்கா நீயும் போயி மொகத்தக் காட்டீட்டு வா அம்மணி" என்றார். அன்று எனக்குப் பொள்ளாச்சியில் கூட்டம். போகவில்லை. அதன் பிறகு போகாமல் இருப்பது பழகிவிட்டது.

சரணடைந்தவனைத் தாக்காதே என்ற நெறியை என் தொண்டர்கள் மீறினார்கள் என்று சொன்னால், அவர்கள் அதை அறியாதவர்கள் என்பாய். உன் பொறி அறியும் என்பாய். கையைத் தூக்கினால் கண்டுகொள்ளும், வெள்ளைத் துணியைக் கண்டுகொள்ளும். ஆனால், தையற்கடைக்காரர் கையைத் தூக்கவில்லையே. அவர் ஆள் வைத்துப் பலகையைத் துடைத்துக்கொண்டிருந்தார். மனம் மாறுவது அப்படித்தான் நடக்கிறது. பாதி அழித்து, பாதி எழுதி, கீழிருந்தோ மேலிருந்தோ பார்ப்பவனுக்குத் தெரியாத சுண்ணக்கோடாக. ஒருவன் துப்பாக்கியைப் புதைக்கக் குழி வெட்டுவான். மேலே வட்டமிடுவதற்கு அவன் பதுங்குகுழி வெட்டுபவன். காயம்பட்ட தோழனைத் தோளில் தூக்கிப் போகிறவன் எதையோ சுமந்து நகரும் படைவீரன். மனிதன் இதிலெல்லாம் தவறுவதில்லையா என்கிறாய். தவறுகிறான், என் ஆட்களே தவறினார்கள். உன் பொறி அவர்களைவிடக் குறைவாகத் தவறக்கூடும் என்பதையும் ஏற்கிறேன். அப்படி இருந்தும் என் நெஞ்சு ஆறவில்லை. ஏன் என்று எனக்கே பிடிபடாமல்தான் நேற்று ஒண்டிப்புதூருக்குப் போனேன்.

ரங்கசாமி அங்கே தம் மகள் நடத்தும் நகல்கடையில் உட்கார்ந்திருக்கிறார். தாளை இடக்கையால் எடுத்து வைக்கிறார். என்னைக் கண்டதும் எழுந்து நாற்காலியைத் துடைத்தார். நான் உட்காரவில்லை. அன்று அந்தத் தெருவில் பேசியவள் நான்தான், அந்தப் பேச்சுதான் உங்கள் ஏணியை இழுத்தது என்று சொன்னேன். அவர் வியப்படையவில்லை.

"தெரியுமுங்க. நானும் மொத நாள் கூட்டத்துல இருந்தனுங்க. நல்லாப் பேசுனீங்க. கை தட்டுனேன்" என்றார். பேச்சு முடிந்த அன்றிரவே, எழுத ஆள் கிடைக்காமல் அத்தனை கடைக்காரரும் தம்மைத் தேடியதைச் சொல்லிச் சிரித்தார். மகளை அழைத்து எனக்குத் தேநீர் வாங்கிவரச் சொன்னார். உங்களுக்கு என்மேல் சினம் இல்லையா என்று நான்தான் விடாமல் கேட்டேன்.

"உங்க மேலயும் வருத்தந்தானுங்க. ஆனா நீங்க இழுக்கலீங்களே. இழுத்தவன் யாருன்னு தெரிஞ்சிருந்தா அவனூட்டு முன்னால போயி நின்னு, ஏண்டா இப்பிடிப் பண்ணிப்போட்டேன்னு ஒரு வார்த்த கேட்டிருப்பன். கேட்டிருந்தா அன்னைக்கோட முடிஞ்சிருக்கும். யாருகிட்டக் கோவிச்சுக்கறதுன்னு தெரியாமயே இத்தன வருசம் போயிருச்சுங்க" என்றார்.

எனக்கு அங்கே நிற்க முடியவில்லை. தேநீரைக் குடிக்காமல் வந்தால் அது இன்னொரு பிழையாகும் என்று குடித்துவிட்டு வந்தேன்.

மூன்று நாள்களாக எனக்குக் கிடைக்காத மறுமொழியை அவர் கொடுத்துவிட்டார். உன் பொறியை வாங்கும் படையதிகாரிகளுக்கு நடந்த வகுப்பில், பொறியை ஏவும் தளபதியே பொறுப்பு என்று சொன்னார்களாம். நல்லது. ஏவும் நொடியில் அந்தத் தளபதிக்கு என்ன தெரியும்? ஒரு நிலப்பரப்பும் ஒரு மணிநேரமும் தெரியும். அதற்குள் எந்த மனிதன், எந்த வண்டி என்று அவனுக்குத் தெரியாது. பிழை நேர்ந்தால் அவன் உன்னைக் காட்டுவான். நீ பொறிக்குக் கற்பிக்கப் படங்களைத் தந்தவனைக் காட்டுவாய். அவன் அலைவரிசையை அடைத்த பகைவனைக் காட்டுவான். ஒவ்வொருவரும் உண்மையே சொல்வீர்கள். ஏணியைச் சுற்றி நின்ற ஏழெட்டுப் பேரும்கூடப் பெரும்பாலும் உண்மையே சொன்னார்கள். நான் கொடுத்த சொல்லில் 'ஆட்சி' என்று ஒன்று இருக்கிறது. ஆள்பவரைக் கேள்வி கேட்கலாம், கீழே இறக்கலாம் என்பதற்காகத்தான் அதை நாற்பது ஆண்டு கூவினேன். யாரும் கேட்க முடியாத ஒன்றுக்கு அந்தப் பெயரைச் சூட்ட மாட்டேன். உன் மேலாளரிடம் பேசிவிட்டேன். விழாவுக்கு வரவில்லை, அழைப்பிதழிலிருந்து என் பெயரையும் அந்தச் சொல்லையும் எடுத்துவிடுங்கள் என்றேன். அவர் பண்பானவர். "செரிங்கம்மா, இங்கிலீசுலயே போட்டுக்கறமுங்க" என்றார். அதற்கும் வருந்தினேன். என்ன செய்ய?

இந்தக் கடிதத்தை இதழுக்குத் தரலாமா என்று உன்னிடம் கேட்டேன். நான் பிழை செய்தது ஊரறிய. ஒப்புக்கொள்வதும் ஊரறிய இருக்கட்டும் என்றேன். "போட்டுக்கங்க. எம்பேரும் கம்பெனி பேரும் மட்டும் வேண்டாமுங்கம்மா" என்றாய். போடவில்லை. நீ இசைந்ததே எனக்குப் பெரிது. கையெழுத்திடாதே என்று ஆணையிட இப்போது என்னால் முடியாது. சரோசாவின் மகன் என் கண்முன் நிற்கிறான். பகைவன் அலைவரிசையை அடைப்பான் என்பதும் உண்மை. ஆனால், அடைபட்டால் தாக்காமல் வெறும் மண்ணில் போய் விழும்படியும் அதைப் பழக்கலாம், அது நாலு வரி வேலைதான் என்று நீயே வாய்தவறிச் சொன்னாய். வாங்குபவர்கள் அதை விரும்பவில்லை என்றும் சொன்னாய். அந்த நாலு வரிக்காக நீ எத்தனை முறை வாதிட்டாய் என்று நான் கேட்கவில்லை. நீ உன்னையே கேட்டுக்கொள். ஆறாண்டு உழைப்பு வேறொருவன் கைக்குப் போவது எளிதில்லை. எனக்குத் தெரியும், நான் ஒரு கைதட்டலைக்கூட விட்டுக்கொடுக்காதவள்.

ஒன்று மட்டும் செய். பாலைவனத்துக்கு அப்பால் எந்த ஊரிலோ, எந்த மொழியிலோ, ஒரு ரங்கசாமி இருப்பார். உன் பொறி பிழையாகத் தேர்ந்த ஒருவராக அவர் இருக்கலாம்; அப்படித் தேர்ந்தெடுக்கப்பட்டவனின் தந்தையாகவும் இருக்கலாம். அவர் யாருடைய வீட்டு முன்னால் போய் நின்று, ஏன் இப்படிச் செய்தாய் என்று கேட்க வேண்டும்? பதவியைச் சொல்லாதே, துறையைச் சொல்லாதே, ஆளைச் சொல். அது உன் பெயர்தான் என்றால், அதையும் நெஞ்சறிந்து சொல்லிவிட்டுக் கையெழுத்திடு. அவர் வந்து நிற்கும் நாளில் கதவைத் திறக்க நானும் உன்னோடு வருவேன். அப்படி ஒரு பெயர் உனக்குக் கிடைக்கவே இல்லை என்றால், அந்தத் தாளை வெறுமையாகத் திருப்பிக் கொடுத்துவிட்டு வீட்டுக்கு வந்துவிடு, கண்ணு.

அன்புடனும் அமைதியின்றியும்,
உன் அம்மா